நாற்காலி வழக்குகள் – 6: பதினான்கு ஆண்டு மௌனம்

சென்ற வாரம் 1971-இல் நிறுத்தியிருந்தோம். மெட்ராஸ் உயர் நீதிமன்றத்துக்கு அரசுப் பொறியாளர் ஒருவரின் ரிட் மனு வருகிறது. முதல் எதிர்மனுதாரர் தமிழ்நாடு அரசு. இரண்டாவது, மூன்றாவது, நான்காவது எதிர்மனுதாரர்கள் அவருடைய துறையிலேயே வேலை பார்த்தவர்கள். பணிமூப்பில் அவருக்குக் கீழே இருந்து, பதவியில் அவருக்கு மேலே போனவர்கள். துறையின் உச்சியில் தலைமைப் பொறியாளர் பதவி. அது கண்ணுக்கு எட்டும் தூரத்தில் தெரிந்தபோதுதான் மனுதாரர் நீதிமன்றப் படி ஏறினார்.

அவர் எதிர்த்தது அந்த ஆண்டு வந்த உத்தரவையா என்றால், இல்லை. 1957-இல் நடந்த ஒன்றை.

1957-க்கும் 1971-க்கும் நடுவே என்னென்ன மாறிவிட்டன என்று ஒரு நிமிடம் யோசித்துப் பாருங்கள். 1957-இல் நம் மாநிலத்தின் பெயரே மெட்ராஸ். முதலமைச்சர் காமராஜர். அவருக்குப் பின் பக்தவத்சலம், அண்ணா, கருணாநிதி என்று ஆட்சி கைமாறியது. 1969 ஜனவரியில் மாநிலம் தமிழ்நாடு ஆனது. 'மெட்ராஸ் அரசு' போட்ட உத்தரவுக்குத் 'தமிழ்நாடு அரசு' நீதிமன்றத்தில் பதில் சொல்ல வேண்டியிருந்தது.

பி.எஸ். சதாசிவசாமி எதிர் தமிழ்நாடு அரசு. சர்வீஸ் வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர்களிடம் இந்தப் பெயரைச் சொன்னால் போதும். மிச்சத்தை அவர்களே சொல்லிவிடுவார்கள். பதவி உயர்வு வழக்கு காலம் கடந்து வரும்போதெல்லாம் இந்தியாவின் எந்த மூலையிலும் அரசுத் தரப்பு முதலில் எடுத்து வைக்கும் தீர்ப்புகளில் இதுவும் ஒன்று. நம் ஊர்ப் பொறியாளர் ஒருவரின் வருத்தத்தில் பிறந்த வழக்கு, நாடு முழுவதும் அரசு ஊழியர்களுக்கு ஒரு கெடிகாரத்தை மாட்டிவிட்டது. அந்தக் கெடிகாரம் ஓடத் தொடங்கிய கதைதான் இந்த வாரம்.

* * *

முதலில் 1957.

மனுதாரர் அப்போது உதவிப் பொறியாளர். அடுத்த படி கோட்டப் பொறியாளர். அந்தப் படிக்கு ஏற இத்தனை ஆண்டு பணி முடித்திருக்க வேண்டும் என்று விதி இருந்தது. அந்த விதியைத் தளர்த்தி, அவருக்கு இளையவரான ஒருவரை அரசு கோட்டப் பொறியாளர் ஆக்கியது. எனக்கும் அதேபோல் விதியைத் தளர்த்தியிருக்கலாமே, என் பெயரைப் பரிசீலிக்கக்கூட இல்லையே என்பது மனுதாரரின் குறை. அரசு சொன்ன காரணம் வேறு. அயல்நாட்டுக்கு அனுப்பிப் படிக்கவைத்தவர்களுக்குத் தவிர வேறு யாருக்கும் விதியைத் தளர்த்துவதில்லை என்று கொள்கை முடிவு எடுத்திருந்தது.

அதோடு நிற்கவில்லை. அதே 1957-இல் இன்னும் இரண்டு இளையவர்களும் அவரைத் தாண்டிக் கோட்டப் பொறியாளர் ஆனார்கள்.

அவர் சும்மா இருந்துவிட்டார் என்று சொல்ல முடியாது. அரசுக்கு இரண்டு முறை முறையீடு அனுப்பினார். பலன் இல்லை. அதற்குப் பிறகுதான் மௌனம். சில ஆண்டுகளில் அந்த மூவரும் கண்காணிப்புப் பொறியாளர்கள் ஆனார்கள். அப்போதும் அவர் நீதிமன்றம் போகவில்லை.

ஏன்?

தீர்ப்பில் இதற்கு விடை இல்லை. ஆனால் அரசு அலுவலகத்தில் நாலு வருடம் உட்கார்ந்தவர்களுக்கு விடை தெரியும். வழக்கு போட்டால் யார் மேல் போட வேண்டும்? நாளைக்குத் தன்னுடைய ரகசியக் குறிப்பேட்டில் இரண்டு வரி எழுதப்போகிற அதிகாரி மேல். தாண்டிப் போன இளையவரோ பக்கத்து அறைக்காரர். அவர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போய்ச் சாப்பிட்டு வந்திருப்போம். சங்கத்தில் ஒருவர், "அடுத்த பேனலில் உங்க பேரு நிச்சயம் சார், அவசரப்படாதீங்க" என்பார். பிரிவு கண்காணிப்பாளர், "கோப்பு மேலே போயிருக்கு" என்பார். அந்த வார்த்தையில் ஆறு மாதம் ஓடும். பிறகு மாறுதல் உத்தரவு வரும். புது ஊர், புது வீடு, பிள்ளைகளுக்குப் புதுப் பள்ளி. இன்னொரு வருடம் போகும்.

உத்தரவின் வாசகமும் ஒரு காரணம். நம் மாநிலத்துப் பதவி உயர்வு ஆணைகளைக் கையில் எடுத்துப் பார்த்தவர்கள் அந்தக் கடைசிப் பத்தியை அறிவார்கள். இந்தப் பதவி உயர்வு முற்றிலும் தற்காலிகமானது. இதனால் மேற்பதவியில் எந்த உரிமையும் கோர இயலாது. மூத்தோரின் உரிமைக்குப் பாதகமின்றி வழங்கப்படுகிறது என்ற பொருளில் இரண்டு மூன்று வரிகள். தாண்டப்பட்டவர் அந்த வரிகளுக்குக் கீழே பென்சிலால் கோடு போட்டு வைத்துக்கொள்வார். "தற்காலிகம்னுதானே போட்டிருக்கான், பாத்துக்கலாம்" என்று மனதைத் தேற்றிக்கொள்வார். அந்தத் 'தற்காலிகம்' பத்து வருடம் நீடிக்கும். தாண்டிப் போனவர் அதற்குள் இன்னும் இரண்டு படி ஏறியிருப்பார்.

பொறுமையாக இருந்தோம், விசுவாசமாக இருந்தோம், வம்பு வழக்கு என்று போகவில்லை. அதற்கு ஒரு மதிப்பு இருக்கும் என்று இவர்கள் நம்புகிறார்கள். நீதிமன்றம் அதை எப்படிப் பார்த்தது?

* * *

இங்கே சட்டத்தைக் கொஞ்சம் தொட்டே ஆக வேண்டும். நிலம், கடன், பாகப்பிரிவினை போன்ற சிவில் வழக்குகளுக்கு 1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் நாள் குறித்து வைத்திருக்கிறது. ஆனால் அரசியலமைப்பின் 226-வது பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் போடும் ரிட் மனுவுக்கு அப்படி எந்தக் கெடுவும் எழுதப்படவில்லை. அடிப்படை உரிமைக்காக 32-வது பிரிவின்படி நேரே உச்ச நீதிமன்றம் போகும் மனுவுக்கும் இல்லை. எழுதப்படாததால் எப்போது வேண்டுமானாலும் வரலாமா?

இந்தக் கேள்வி முதலில் பெரிதாக வெடித்தது ஒரு பதவி உயர்வு வழக்கில் அல்ல. பம்பாய் வியாபாரிகளின் விற்பனை வரி வழக்கில். திலோக்சந்த் மோதிசந்த் என்ற நிறுவனம் வரி அதிகாரியிடம் கட்டிய பணத்தைத் திரும்பக் கேட்டது. பணம் கட்டிப் பல ஆண்டுகள் ஆகியிருந்தன. இடையில் வேறொரு வியாபாரி இதுபோன்ற வசூலுக்கு இடம் தந்த சட்டப் பிரிவை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போய் வென்றுவிட்டார். அதைப் பார்த்த பிறகுதான் இந்த நிறுவனம் வந்தது. 1968 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் தீர்ப்புச் சொன்னார்கள்.

ஐவரும் ஐந்து விதமாக யோசித்தார்கள் என்றே சொல்லலாம். தலைமை நீதிபதி ஹிதாயத்துல்லா, கெடு என்று ஒன்றை முன்கூட்டி வரையறுக்க முடியாது, வழக்குக்கு வழக்கு பார்க்க வேண்டும் என்றார். பச்சாவத், மித்தர் இருவரும் காலவரம்புச் சட்டத்தையே அளவுகோலாகக் கொண்டார்கள். சிக்ரி ஒரு வருடம் என்ற கணக்கைச் சொன்னார். ஆனாலும் அந்த வியாபாரிக்குப் பணம் கிடைக்க வேண்டும் என்றார். ஹெக்டேயின் குரல் முற்றிலும் தனி. அடிப்படை உரிமை என்பது மக்களுக்கு அரசியலமைப்பு கொடுத்த வாக்கு. தாமதமாக வந்தாய் என்று சொல்லி அதை மறுக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்பது அவர் கட்சி. முடிவில் மூன்றுக்கு இரண்டு. வியாபாரி தோற்றார்.

ஹெக்டேயின் மாறுபட்ட தீர்ப்பைப் படிக்கும்போதெல்லாம் எனக்கு மனம் அவர் பக்கமே சாய்கிறது. உரிமைக்கு வயதாகும் என்று ஒப்புக்கொள்ள நெஞ்சு தயங்குகிறது. ஆனால் அது வரிப் பணம். அரசுக்கும் வியாபாரிக்கும் நடுவில் மூன்றாவது ஆள் யாரும் இல்லை. பதவி உயர்வு அப்படியல்ல. அங்கே ஒருவர் ஏறினால் இன்னொருவர் இறங்க வேண்டும். அந்த இன்னொருவர் அடுத்த ஆண்டே உச்ச நீதிமன்றத்தில் வந்து நின்றார்.

1969. ரவீந்திரநாத் போஸ் வழக்கு. வருமான வரித் துறை அதிகாரிகளின் பணிமூப்பு விதிகள் 1950-களின் தொடக்கத்தில் வகுக்கப்பட்டவை. அவற்றின்மேல் பட்டியல்கள் போடப்பட்டு, பதவி உயர்வுகள் கொடுக்கப்பட்டு, ஆட்கள் மேலே போய்விட்டார்கள். சுமார் பதினைந்து ஆண்டுகள் கழித்து நேரடி நியமனம் பெற்ற சில அதிகாரிகள் 32-வது பிரிவின்கீழ் உச்ச நீதிமன்றம் வந்து, அடிப்படையே தவறு என்றார்கள். தீர்ப்பை எழுதியவர் யார் தெரியுமா? அதே சிக்ரி. முந்தைய வழக்கில் தாமதத்தை மன்னித்து வியாபாரிக்குப் பணம் தரச் சொன்னவர். இந்த முறை அவர் மன்னிக்கவில்லை. பல ஆண்டுகளுக்கு முன் பெற்ற நியமனமும் உயர்வும் இனி யாராலும் பறிக்கப்படாது என்று நிம்மதியாக உட்கார ஒவ்வொரு ஊழியருக்கும் உரிமை உண்டு என்ற கருத்தை அந்தத் தீர்ப்பில் பதிந்தார். மனு தள்ளுபடி.

அதுவரை நீதிமன்றத்தில் தாண்டப்பட்டவரின் கண்ணீர்தான் பேசிக்கொண்டிருந்தது. அன்றைக்கு முதல்முறையாகத் தாண்டிப் போனவரின் நிம்மதியும் தராசில் ஏறியது. அவரும் ஊழியர்தான். விதியை அவர் தளர்த்தவில்லை, பட்டியலை அவர் போடவில்லை. கொடுத்த வேலையைப் பத்துப் பதினைந்து வருடம் பார்த்தவரைப் பார்த்து, நீ அன்றைக்கே ஏறியிருக்கக் கூடாது என்று சொல்வது லேசான காரியம் இல்லை.

ஆக, 1971-இல் நம் பொறியாளர் மனு போட்டபோது வாசல் முக்கால்வாசி மூடியிருந்தது. ஆனால் முழுதாக மூடவில்லை. அவருடைய மேல்முறையீடு டெல்லியில் முடிவாவதற்கு முன்பே மராத்வாடாவிலிருந்து சில தாசில்தார்கள் வந்து அந்த வாசலைத் தள்ளித் திறந்தார்கள்.

* * *

1956 நவம்பர் 1 மாநில மறுசீரமைப்பு நாள். ஹைதராபாத் சமஸ்தானம் என்று முன்பு இருந்த மாநிலம் மூன்றாகப் பிரிந்தது. மராத்தி பேசும் பகுதியான மராத்வாடா பம்பாய் மாநிலத்தோடு சேர்ந்தது. அங்கே வேலை பார்த்த தாசில்தார்களும் பம்பாய் அரசின் ஊழியர்கள் ஆனார்கள். துணை கலெக்டர் பதவிக்கு உயர்வு கொடுக்கும்போது அரசு மாநிலம் முழுவதற்கும் ஒரே பட்டியல் போடவில்லை. வருவாய்க் கோட்டவாரியாகத் தனித்தனிப் பட்டியல் போட்டது. ஒரு கோட்டத்தில் பணிமூப்பு குறைந்தவர் மேலே போனார். இன்னொரு கோட்டத்தில் அவரைவிட மூத்தவர் தாசில்தாராகவே நின்றார்.

இவர்கள் உச்ச நீதிமன்றம் வந்தபோது பத்து, பன்னிரண்டு ஆண்டுகள் தாமதம் என்று, பம்பாய் அரசின் இடத்துக்கு வந்திருந்த மகாராஷ்டிர அரசு முதல் தடை எழுப்பியது. ரவீந்திரநாத் போஸ் வழக்கின் வழியில் போனால் வாசலிலேயே திருப்பி அனுப்பியிருக்க வேண்டும். 1973 நவம்பரில் நீதிபதி பகவதி எழுதிய தீர்ப்பு அப்படிச் செய்யவில்லை. ராமச்சந்திர சங்கர் தேவ்தர் வழக்கு என்று அதற்குப் பெயர். தாமதமாக வந்தவரைத் திருப்பி அனுப்புவது இரும்புச் சட்டம் அல்ல, நீதிமன்றம் தன் விருப்புரிமையைப் பயன்படுத்தும் ஒரு நடைமுறை மட்டுமே என்றது தீர்ப்பு. பிறகு வழக்கின் உண்மைகளுக்குள் போனது. அந்த உயர்வுகள் எல்லாம் தற்காலிகமானவை என்று அரசே சொல்லி வந்திருந்தது. தற்காலிகம் என்றால் யாருக்கும் நிலைத்த உரிமை பிறக்கவில்லை. நிலைத்த உரிமை பிறக்காதபோது யாருடைய நிம்மதி கெடப்போகிறது? கோட்டவாரிப் பட்டியல் முறை 16-வது பிரிவின் சம வாய்ப்புக்கு விரோதம் என்று தீர்ப்பாயிற்று. தாசில்தார்கள் வென்றார்கள்.

மேலே ஒரு பென்சில் கோட்டைப் பற்றிச் சொன்னேனே, அந்தத் 'தற்காலிகம்' என்ற வாசகம் இந்த வழக்கில் நிஜமாகவே உயிர் காத்தது. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். ஆணையின் அடியில் வழக்கமாக அச்சாகும் ஒரு வரி மட்டும் அவர்களைக் காப்பாற்றவில்லை. எதுவும் முடிவாகவில்லை என்று அரசின் நடத்தையே ஆண்டுக்கணக்கில் காட்டிக்கொண்டிருந்தது. அதுதான் காப்பாற்றியது.

ஓராண்டுக்குள் நம் பொறியாளரின் முறை வந்தது.

* * *

மெட்ராஸ் உயர் நீதிமன்றத்தில் அவருடைய ரிட் மனு தள்ளுபடியானது. அதன் மேல் போட்ட மேல்முறையீடும் தள்ளுபடியானது. 1974-இல் உச்ச நீதிமன்றம். தீர்ப்பு நீளமானது அல்ல. ஆனால் ஒவ்வொரு வாக்கியமும் மனுதாரரை நேராகப் பார்த்துக் கேட்பதுபோல இருக்கும்.

இரண்டு முறையீடுகளும் பலிக்கவில்லை என்று தெரிந்ததும் 1957-இலேயே ஏன் வரவில்லை? மூன்றாவது, நான்காவது எதிர்மனுதாரர்கள் உங்களைத் தாண்டிக் கோட்டப் பொறியாளர் ஆனபோது ஏன் வரவில்லை? மூவரும் கண்காணிப்புப் பொறியாளர் ஆனபோதாவது வந்திருக்கலாமே? மூன்று சந்தர்ப்பங்கள். மூன்றையும் விட்டுவிட்டு, தலைமைப் பொறியாளர் பதவியின் ஆசை வந்த பிறகு, பதினான்கு நெடிய ஆண்டுகள் கழித்து வந்திருக்கிறீர்கள் என்றது நீதிமன்றம்.

அதற்குப் பிறகு வந்த உவமையைத்தான் சட்டக் கல்லூரி மாணவர்கள் இன்றும் நினைவு வைத்திருக்கிறார்கள். உடைத்துக் கலக்கிக் கிண்டிய முட்டையை மறுபடியும் முழு முட்டையாக்கச் சொல்கிறார் மனுதாரர் என்றது தீர்ப்பு. 1957-இல் இருந்த நிலைமையை இப்போது யாராலும் திரும்பக் கொண்டுவர முடியாது. அன்றைக்கு இவருக்காக விதியைத் தளர்த்தியிருக்கலாமா என்று 1974-இல் உட்கார்ந்து அரசு எப்படி யோசிக்கும்? அதற்குப் பின் எதுவுமே நடக்காததுபோலப் பாவித்துப் பரிசீலிக்கச் சொல்வதில் அர்த்தமில்லை.

அடுத்து வந்ததுதான் கெடிகாரம். இளையவர் தன்னைத் தாண்டி உயர்த்தப்பட்டால், பாதிக்கப்பட்டவர் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஒரு வருடத்துக்குள், நீதிமன்றத்தை அணுக வேண்டும். 226-வது பிரிவுக்குக் கெடு கிடையாது என்பதை நீதிமன்றம் மறுக்கவில்லை. எந்த வழக்கிலும் காலம் கடந்தபின் தலையிடவே முடியாது என்றும் சொல்லவில்லை. ஆனால் நடப்பதையெல்லாம் பார்த்துக்கொண்டு நின்றுவிட்டு, எல்லாம் நிலைபெற்ற பின் வந்து கலைக்கப் பார்ப்பவர்களுக்குத் தன் அசாதாரண அதிகாரத்தைப் பயன்படுத்த மறுப்பதே விவேகம் என்றது. இதுபோன்ற மனுக்களை எடுத்த எடுப்பிலேயே தள்ளுபடி செய்ய வேண்டும். இவற்றால் நியாயமான குறைகளோடு வருகிறவர்களின் நேரம் பறிபோகிறது என்றும் சேர்த்துச் சொன்னது.

முதல் ஆண்டுத் தாசில்தார்களுக்கும் மறு ஆண்டுப் பொறியாளருக்கும் என்ன வித்தியாசம்? அங்கே அரசு எதையும் முடித்து வைக்கவில்லை. இங்கே எல்லாம் முடிந்துபோயிருந்தது. இரண்டு தீர்ப்புகளும் ஒன்றையொன்று அடித்துக்கொள்வதாகச் சிலர் எழுதுகிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. இரண்டிலும் நீதிமன்றம் கேட்டது ஒரே கேள்விதான்: இப்போது கலைத்தால் யார் வாழ்க்கை கலையும்?

ஆனாலும் ஒன்று மனதை உறுத்துகிறது. 1957-இல் அந்தப் பொறியாளருக்கு அநியாயம் நடந்ததா? இளையவர்கள் தகுதியால்தான் மேலே போயிருக்க வேண்டும் என்று போகிற போக்கில் ஒரு வரி சொன்னதோடு உச்ச நீதிமன்றம் அதற்குள் ஆழமாகப் போகவில்லை. போகத் தேவையும் இல்லை என்பதுதான் தீர்ப்பே. வழக்கின் வலுவைத் தொடாமலே வழக்கு முடிந்துபோகும். தாமதம் செய்கிற பெரிய கொடுமை அதுதான். தோற்றுப்போனாலாவது, எடுத்துச் சொன்னோம், கேட்டார்கள், ஒப்பவில்லை என்ற ஆறுதல் இருக்கும். இங்கே அதுவும் இல்லை.

* * *

அதற்குப் பிறகு கெடிகாரம் நிற்கவில்லை. உளவுத் துறையான இன்டலிஜென்ஸ் பீரோவில் 1958-இல் போட்ட பணிமூப்புப் பட்டியலை 1976-இல் எதிர்த்து வழக்கு வந்தது. பதினெட்டு ஆண்டு இடைவெளி. டெல்லி உயர் நீதிமன்றம் மனுதாரர்கள் பக்கம் நின்றது. 1986-இல் கே.ஆர். முத்கல் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. பதவியில் அமர்ந்து மூன்று, நான்கு ஆண்டுகள் ஆன ஊழியரை நிம்மதியாக வேலை பார்க்க விட வேண்டும் என்றது. நம் மாநிலப் பணி விதிகளிலும் பணிமூப்பைத் திருத்தக் கோரும் விண்ணப்பத்துக்கு மூன்று ஆண்டு என்று கெடு எழுதப்பட்டிருக்கிறது.

இதற்கிடையே 1985-இல் நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டம் வந்தது. நீதிபதிகள் விவேகம் என்று சொன்னதை நாடாளுமன்றம் சட்டமாகவே எழுதியது. இறுதி உத்தரவு வந்த ஒரு வருடத்துக்குள் தீர்ப்பாயத்துக்கு வர வேண்டும். முறையீடு செய்து ஆறு மாதம் ஆகியும் பதில் இல்லையென்றால், அந்த ஆறு மாதம் முடிந்த நாளிலிருந்து ஒரு வருடம்.

சம்பள நிர்ணயத்தில் நடக்கும் தவறு வேறு கணக்கு. அதைப் பதவி உயர்வோடு போட்டுக் குழப்பிக்கொள்ள வேண்டாம். மாதாமாதம் குறைவாகச் சம்பளம் போட்டால் மாதாமாதம் புதுத் தவறு பிறக்கிறது என்று 1995-இல் ரயில்வே ஊழியர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. அங்கே தாமதமாக வந்தாலும் கதவு திறக்கும். பழைய நிலுவைதான் குறையும். 2008-இல் தர்செம் சிங் என்ற ராணுவ வீரரின் ஊன ஓய்வூதிய வழக்கில் இந்த வித்தியாசத்தை இன்னும் தெளிவாக எழுதினார்கள். பணம் உங்களுக்கும் அரசுக்கும் நடுவில் உள்ள விஷயம். பணிமூப்பும் பதவி உயர்வும் பிறர் வாழ்க்கையைத் தொடும் விஷயம். அங்கே தாமதம் கழுத்தில் கயிறு.

அரசு ஊழியராக இருந்து இதைப் படிக்கிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்களைத் தாண்டி ஓர் இளையவருக்கு ஆணை வந்தால், அந்த ஆணையின் தேதியை முதலில் குறித்து வையுங்கள். முறையீட்டை உரிய வழியில் கொடுங்கள். முன் நகல் ஒன்றை நேரே மேலதிகாரிக்கு ஒப்புகை கிடைக்கும் வகையில் தபாலில் அனுப்புங்கள். வாய்மொழியாக யார் எந்த உறுதி கொடுத்தாலும் அதை நம்பி நாளைக் கடத்தாதீர்கள். ஆறு மாதம் பாருங்கள். பதில் வராவிட்டால் வழக்கறிஞரைப் பாருங்கள். வழக்கு போடுவது துறைக்குத் துரோகம் அல்ல. தாண்டிப் போனவருக்கும் அது ஒருவகையில் நன்மைதான். தன் பதவி நிலைக்குமா என்று அவருக்கு ஓராண்டில் தெரிந்துவிடும். பதினான்கு ஆண்டு கழித்துச் சம்மன் வராது.

சரி, முறையீட்டுக்கு மேல் முறையீடாக, ஆண்டுக்கு ஒன்று என்று விடாமல் அனுப்பிக்கொண்டே இருந்தால்? ஒவ்வொரு முறையும் கெடிகாரம் புதிதாக ஓடத் தொடங்குமா? 1989-இல் எஸ்.எஸ். ரத்தோர் வழக்கில் இந்தக் கேள்வியைத் தீர்க்க ஏழு நீதிபதிகள் உட்கார்ந்தார்கள். ஓடாது என்றார்கள். சட்டத்தில் இடமில்லாத முறையீட்டைத் திரும்பத் திரும்ப அனுப்புவதால் காலம் நீளாது.

கதை அங்கேயே முடிந்திருக்க வேண்டும். முடியவில்லை. ஏழு நீதிபதிகள் அடைத்த கதவுக்குப் பக்கத்திலேயே ஒரு சந்து இருப்பதை யாரோ கண்டுபிடித்தார்கள். தமிழ்நாட்டின் புவியியல் மற்றும் சுரங்கத் துறையில் 1982-இல் வேலையிழந்த ஊழியர் ஒருவர், பதினெட்டு ஆண்டுகள் கழித்து, 2000-ஆம் ஆண்டில் ஒரு மனு அனுப்பினார். பிறகு தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போனார். தீர்ப்பாயம் அவருக்கு வேலை கொடுக்கச் சொல்லவில்லை. பணம் கொடுக்கவும் சொல்லவில்லை. மனுவைப் பரிசீலிக்கும்படி துறைக்கு உத்தரவிட்டது, அவ்வளவுதான். யாருக்கும் நஷ்டமில்லாத உத்தரவு என்று எல்லோரும் நினைத்தார்கள்.

அந்த ஒரு உத்தரவு, செத்துப்போன வழக்கு ஒன்றுக்கு உயிர் கொடுத்து 2008-இல் உச்ச நீதிமன்றம் வரை நடத்திச் சென்றது. அங்கே நீதிபதி ரவீந்திரன், தாமதமான வழக்குகள் எப்படிப் பின்வாசல் வழியாக உள்ளே வருகின்றன என்பதைப் படிப்படியாகப் பிரித்துக் காட்டினார். அது அடுத்த வாரம்.